ஒருவரிடம் ஒன்று

படப்பிடிப்பில் அவருக்கு இரவல் என்று பெயர். முகத்துக்கு நேரேயே அப்படித்தான் கூப்பிடுவார்கள். வயதுக்காகப் பின்னால் ஒரு ‘சார்’ சேர்த்துக்கொள்வார்கள். அந்தப் பெயரை அவரேதான் சம்பாதித்துக்கொண்டார். நன்றாகச் செய்தீர்கள் என்று யாராவது பாராட்டினால் போதும், “என்னுது இல்ல, இரவல்” என்பார். அந்த இருமல் மருந்துக் கடைக்காரருடையது, அந்த நடை எதிர்வீட்டு ஓட்டுநருடையது, உட்கார்ந்தபடி காலை ஆட்டியது பல் மருத்துவரிடம் காத்திருந்த ஓர் அம்மாவுடையது என்று, யாரிடமிருந்து எடுத்தது என்பதையும் சொல்லிவிடுவார். சொல்லாமல் வைத்துக்கொண்டால் அது திருட்டு என்பது அவர் கட்சி.

எடுப்பதற்கு ஒரு விதியும் வைத்திருந்தார். ஒருவரிடம் ஒன்றுதான். இருமலை எடுத்த ஆளிடமிருந்து நடையை எடுக்கக் கூடாது. ஒன்றை எடுத்தால் அந்த ஆள் தொலைக்காட்சியில் பார்த்து, ‘யாரையோ பார்த்த மாதிரி இருக்கே’ என்று சிரித்துவிட்டுப் போவார். இரண்டை எடுத்தால் கண்ணாடியைப் பார்த்த மாதிரி ஆகிவிடும். இந்த விதியை அவருக்கு யாரும் சொல்லித்தரவில்லை. செருப்புக் கடையில் வேலை பார்த்த அனுபவத்தில் அவராகவே போட்டுக்கொண்டது.

அந்தக் கடையில் அவர் வேலை, குட்டை முக்காலியில் உட்கார்ந்து வருகிறவர்களின் பாதத்தை அளவுப் பலகையில் வைத்து அளப்பது. முழங்காலுக்குக் கீழே தெரிகிற மனிதர்களைப் பார்த்துப் பார்த்தே இளமை போனது. கூச்சக்காரர் கட்டை விரலை மடக்கிக்கொள்வார். கோபக்காரர் பாதத்தைப் பலகையில் வைக்கமாட்டார், போடுவார். வீட்டில் சண்டை போட்டுவிட்டு வந்த தம்பதி எதிரெதிர்ப் பக்கமாகக் காலை நீட்டுவார்கள். மேலே முகம் என்ன சொன்னாலும் கால் பொய் சொல்லாது என்று அவர் நம்பினார். இதையெல்லாம் வீணாக்கக் கூடாது என்றுதான் விடுமுறை நாட்களில் ஒரு நாடகக் குழுவில் சேர்ந்தார்.

அங்கே அதிக நாள் நிலைக்கவில்லை. நீதிமன்றக் காட்சியில் கதாநாயகனுக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுக்கும் சேவகன் வேடம். வசனம் கிடையாது. கதாநாயகன் தேம்பித் தேம்பி அழுதுகொண்டிருந்தார். இவர் தம்ளரை நீட்டலாமா, இப்போது நீட்டினால் தப்பாக எடுத்துக்கொள்வாரா, அழுகை முடியட்டுமா என்ற யோசனையோடு பாதி தூரத்தில் நின்றுவிட்டார். முகத்தில் ஒரு அசைவும் இல்லை. அரங்கம் கொல்லென்று சிரித்தது. கதாநாயகனாக நடித்தவர் திரை விழுந்ததும், “ஒண்ணு நான் அழணும், இல்ல அவன் தண்ணி கொண்டுவரணும். ரெண்டுல ஒண்ணு சொல்லுங்க” என்றார். அவர் அழுவது என்று முடிவாயிற்று.

தொலைக்காட்சியின் வழக்கமான நகைச்சுவைத் தொடர்களிலும் அதே கதைதான். கண்ணை உருட்டு, நாக்கை நீட்டு, வழுக்கி விழு என்பார்கள். இவர் விழவும் செய்வார். ஆனால் நிஜத்தில் விழுகிறவனைப் போல விழுவார். எழுந்து, யாராவது பார்த்தார்களா என்று பார்த்து, யாரும் பார்க்கவில்லை என்றானதும் முழங்காலைத் தடவிக்கொண்டு, வேண்டுமென்றேதான் குனிந்தேன் என்பதுபோல் தரையில் எதையோ தேடுவார். ஒரு இயக்குநர் பொறுமை இழந்து, “விழச் சொன்னா விழுந்துட்டுப் போய்யா. அதுக்கப்புறம் எதுக்குக் குடும்பக் கதையெல்லாம் சொல்றே?” என்று கேட்டார். அதற்குப் பிறகு வந்ததெல்லாம் வரிசையில் நிற்பவர், முதுகு மட்டும் தெரியும் தபால்காரர், போர்வை மூடிய பிணம். பிணமாக நடிப்பதிலும் யாரிடமோ எதையோ எடுத்திருந்தார் என்பார்கள். யாரிடம் என்று கேட்க யாருக்கும் துணிவு வரவில்லை.

இத்தனை வருடமும் வீடு ஓடியது செருப்புக் கடையாலும், சலவை நிலையத்தில் வேலை பார்த்த அவர் மனைவியாலும். இன்னும் உண்மையாகச் சொன்னால், மனைவியின் அண்ணன் வாயைத் திறக்காததாலும். அப்பா போன பிறகு தங்கையைப் படிக்க வைத்து, கல்யாணம் செய்து கொடுத்தவர் அவர்தான். மாப்பிள்ளை என்ன செய்கிறார் என்று சொந்தக்காரர்கள் கேட்டால், “டிவியில இருக்கார்” என்பார். எந்த நிகழ்ச்சியில் என்று அடுத்த கேள்வி வருவதற்குள் பேச்சை மாற்றிவிடுவார். எப்போது நல்ல வேடம் கிடைக்கும் என்று மாப்பிள்ளையிடம் அவர் ஒரு தடவைகூடக் கேட்டதில்லை.

மச்சானுக்குப் பேருந்துப் பணிமனையில் வேலை. உதிரிபாகக் கிடங்குக்குப் பொறுப்பாளர். தனி ஆள். ஞாயிற்றுக்கிழமை மதியம் தங்கை வீட்டில்தான் சாப்பாடு. உள்ளே வந்து கதவைச் சாத்துவார். இரண்டடி வைத்ததும் திரும்பிப் போய்ச் சாத்தியிருக்கிறதா என்று இழுத்துப் பார்ப்பார். நாற்காலியின் இருக்கையை இரண்டு தட்டுத் தட்டிவிட்டு உட்காருவார். சாப்பிட்டுக்கொண்டே கிடங்குக் கதை சொல்வார். எல்லாக் கதைக்கும் சாரம் ஒன்றுதான்: பழசைக் கொடுத்தால்தான் புதுசு. தேய்ந்த பாகத்தைக் கொண்டுவந்து பலகையில் வைக்காத மெக்கானிக்குக் கடவுளே வந்து சொன்னாலும் அவர் புதிய பாகம் கொடுக்கமாட்டார். “கடவுள் வந்தா அவர்கிட்டயும் பழசு எங்கன்னு கேட்பீங்களா மாமா?” என்று இரவலின் மகள் கேட்டதற்கு, “கேட்பேன். அவர்தான் முதல்ல கொண்டுவரணும், பெரியவர்” என்றார்.

இரவலுக்கு நாற்பது வயது தாண்டி, காதோரம் நரைத்த பிறகுதான் காற்று இந்தப் பக்கம் வீசியது. ஒரு சின்ன தொலைக்காட்சி நிலையம், யாரும் விளம்பரம் தராத நேரத்தை ஒரு இளைஞர் கூட்டத்திடம் தூக்கிக் கொடுத்திருந்தது. அவர்கள் பழைய மெத்தைக் கிடங்கில் தளம் அமைத்து, தலையும் வாலும் இல்லாத சின்னச் சின்ன நகைச்சுவைக் காட்சிகளை எடுத்தார்கள். பின்னணியில் பதிவுசெய்த சிரிப்பு கிடையாது. முதல் பகுதியைப் போட்டுப் பார்த்த நிலைய மேலாளர், எந்த இடத்தில் சிரிக்க வேண்டும் என்று பணிவாகக் கேட்டாராம். இயக்குநர் ஒரு இளம் பெண். எப்போதும் கழுத்தில் ஒலிவாங்கிக் கம்பி தொங்கும். “சிரிக்கலைன்னாலும் பரவாயில்ல சார்” என்று அவரைச் சமாதானப்படுத்தி அனுப்பினாள்.

அந்த நிகழ்ச்சியில் திருடர்கள் கூடிப் பங்கு பிரிக்கும் ஒரு காட்சி. ‘அப்போது ஒருவர் வருகிறார்’ என்று மட்டும் எழுதியிருந்தார்கள். யார் வருகிறார், எதற்கு வருகிறார் என்று எழுதியவனுக்கே தெரியாது. பலரை வரச் சொல்லிப் பார்த்தார்கள். ஒருவர் குதித்து வந்தார், ஒருவர் உருண்டு வந்தார். இரவல் உள்ளே வந்து கதவைச் சாத்தினார். இரண்டடி வைத்தார். திரும்பிப் போய்க் கதவை இழுத்துப் பார்த்தார். பிறகு திருடர்களிடம் வந்து, “இங்க யாரு பொறுப்பு?” என்று கேட்டார். திருடர்களாக நடித்த பையன்கள் தங்களை அறியாமல் எழுந்து நின்றுவிட்டார்கள். இயக்குநர் ‘கட்’ சொல்ல மறந்துபோனாள்.

அப்படிப் பிறந்ததுதான் ‘மேற்பார்வை’. எந்தத் துறை, யார் அனுப்பினார்கள் என்று கடைசிவரை யாருக்கும் தெரியாத ஓர் அதிகாரி. அறுவைச் சிகிச்சை நடக்கும், காதலர்கள் பிரிந்துகொண்டிருப்பார்கள், ஒரு பேய் வீட்டைப் பயமுறுத்திக்கொண்டிருக்கும். இவர் வந்து, யார் பொறுப்பு என்று கேட்டு, ஏதாவது ஒரு சின்னக் குறையைக் கண்டுபிடித்துவிட்டு ஓரமாக உட்கார்ந்துகொள்வார். பேயிடம் அவர் கேட்டது, லீவு நாளில் யார் பயமுறுத்துகிறார்கள் என்று. நிகழ்ச்சியின் முதல் பருவம் முடிவதற்குள் ஊரே அவரைத் தெரிந்துகொண்டது. அலுவலகங்களில் கதவைச் சாத்தியவர்கள் வேண்டுமென்றே திரும்பிப் போய் இழுத்துப் பார்த்தார்கள். செருப்புக் கடையில் ஒருவர் அளவு கொடுத்துவிட்டு, செருப்பு வாங்காமல், அவரோடு படம் எடுத்துக்கொண்டு போனார். முதலாளிக்கு அதில் வருத்தம்தான்.

தப்பு நடந்தது இங்கேதான். வாராவாரம் அதே ஆள் வருவதால், வாராவாரம் அவருக்கு ஏதாவது புதிதாகச் சேர்க்கச் சொன்னாள் இயக்குநர். இரவலும் சேர்த்தார். நாற்காலியைத் தட்டுவது ஒரு வாரம். கேள்வியைக் கேட்டுவிட்டுத் தானே பதிலையும் சொல்லிவிடுவது ஒரு வாரம். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டுத் துடைத்த கைக்குட்டையையே முறைப்பது இன்னொரு வாரம். ஒவ்வொரு வாரமும் ஒன்றுதான்; ஒவ்வொரு வாரமும் விதி காப்பாற்றப்பட்டது. ஆனால் எல்லாமே ஒரே வீட்டில், ஒரே ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாட்டில், ஒரே ஆளிடம் எடுத்தவை. வாரம் மாறினால் வேடம் மாறியது மாதிரிதானே என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டார். பருவம் முடியும்போது மேற்பார்வையில் மச்சான் தலை முதல் கால்வரை வந்து உட்கார்ந்துவிட்டார். இந்த வேடத்துக்கு மட்டும் யாரிடம் இரவல் என்று இரவல் யாரிடமும் சொல்லவில்லை.

வேடிக்கை என்னவென்றால் மச்சானுக்கே தெரியவில்லை. ஞாயிற்றுக்கிழமை மறுஒளிபரப்பை அந்த வீட்டிலேயே உட்கார்ந்து பார்த்துக் கண்ணில் நீர் வரச் சிரித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கைக்குட்டையை முறைத்தார். “மாப்பிள்ள, இதே மாதிரி ஒரு ஆள் எங்க கணக்குப் பிரிவுல இருக்கான். அச்சு அசல் அவனேதான்” என்றார். மகள் சமையலறைக்கு ஓடிப்போய் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். மனைவி மட்டும் தட்டுகளை எடுத்துக்கொண்டே கணவரைப் பார்த்தாள்.

அவள் வாய் திறந்தது அந்தப் பொத்தானைப் பார்த்த அன்றுதான். அண்ணனுக்கு வார்த்தை வராமல் போகிற நேரங்களில் கை தானாகச் சட்டையின் மேல் பொத்தானுக்குப் போகும். கழுத்தை இறுக்குகிற மாதிரி அதைப் பிடித்துக்கொண்டு நிற்பார். அப்பா இறந்த அன்று மருத்துவமனை வராந்தாவில் அப்படி நின்றார். தங்கையைக் கல்யாணம் செய்து அனுப்பியபோதும் அப்படித்தான். பருவத்தின் கடைசிப் பகுதியில் மேற்பார்வையிடம் ஒரு குழந்தை, ‘உங்களை யாரு மேற்பார்வை பார்க்கிறாங்க?’ என்று கேட்கும். அவர் பதில் தெரியாமல் பொத்தானைப் பிடித்துக்கொண்டு நிற்பார். ஊரே விழுந்து விழுந்து சிரித்தது அதற்குத்தான்.

“மத்ததெல்லாம் சரி. அதை ஏங்க எடுத்தீங்க?” என்று மட்டும் மனைவி கேட்டாள். தெரியாமல் வந்துவிட்டது என்றார் இரவல். அது உண்மையா என்று அவருக்கே சரியாகத் தெரியவில்லை.

அடுத்து வந்த ஞாயிற்றுக்கிழமை மச்சான் வரவில்லை. அதற்கு அடுத்ததும் வரவில்லை. என்ன நடந்தது என்பதைப் பணிமனை ஓட்டுநர் ஒருவர், சலவைக்குத் துணி போட வந்த இடத்தில் மனைவியிடம் சொன்னார். தலைமை மெக்கானிக் திடீரென்று இறந்துபோயிருக்கிறார். அவரும் மச்சானும் ஒரே வருடம் வேலைக்குச் சேர்ந்தவர்கள். தேய்ந்த பாகங்களைப் பலகையில் வைத்து நாள் தவறாமல் சண்டை போட்டுக்கொண்டவர்கள். பணிமனைக் கொட்டகையில் இரங்கல் கூட்டம். மச்சானைப் பேசச் சொன்னார்கள். எழுந்து நின்றார். வார்த்தை வரவில்லை. கை மேல் பொத்தானுக்குப் போனது. பின்வரிசையில் ஒரு சின்னப் பையன் களுக்கென்று சிரித்தான். அவனை அடக்கப் போன ஆளும் சிரித்துவிட்டார். பிறகு கொட்டகை முழுக்க, தலையைக் குனிந்துகொண்டு, தோள் குலுங்கக் குலுங்க. சிரிப்பு எதற்கென்று அப்போதுதான் புரிந்துகொண்ட மச்சான், ஒரு வார்த்தையும் பேசாமல் உட்கார்ந்துவிட்டார்.

“எல்லாரும் நல்ல பசங்கதாம்மா. என்ன பண்றது, அடக்க முடியல” என்று ஓட்டுநர் வருத்தப்பட்டாராம். அவரும் சிரித்தவர்தான் என்று மனைவி சொன்னாள்.

இரவல் நேராக இயக்குநரிடம் போய், மேற்பார்வையை இத்தோடு முடித்துக்கொள்ளலாம் என்றார். இரண்டாவது பருவத்துக்கு அப்போதுதான் நிலையம் ஒப்புக்கொண்டிருந்தது, அதுவும் மேற்பார்வைக்காக. அவள் கோபப்படவில்லை. “உங்க இஷ்டம் இரவல் சார். நீங்க இல்லைன்னா இந்த இடத்துல மறுபடியும் மெத்தைதான் அடுக்குவாங்க” என்றாள். விளக்குப் பிடிக்கிறவர், ஒலிப்பதிவு செய்கிறவர், திருடர்களாக நடித்த பையன்கள் எல்லோரும் தங்கள் தங்கள் வேலையைப் பார்ப்பதுபோல் காதைத் தீட்டிக்கொண்டு நின்றார்கள். இரவல் யோசித்துச் சொல்வதாகச் சொல்லிவிட்டுப் பணிமனைக்குப் பேருந்து ஏறினார்.

பாகம் வாங்க வருகிறவர்களுக்கு உதிரிபாகக் கிடங்கில் வாசல் கிடையாது. கம்பி வலை போட்ட ஒரு ஜன்னலும், அதன் கீழே தேய்ந்து பளபளத்த ஒரு மரப்பலகையும்தான். முன்னால் இரண்டு மெக்கானிக்குகள் நின்றார்கள். இரவல் வரிசையில் நின்றார். அவர்கள் அவரை அடையாளம் கண்டு, ஒருவரை ஒருவர் இடித்துக்கொண்டார்கள். அவர்கள் போனதும் இவர் முறை வந்தது. மச்சான் நிமிர்ந்து பார்க்கவில்லை.

“பழசு எங்க?”

“மச்சான், நான்தான்.”

“தெரியுது. பழசு எங்கன்னு கேட்டேன்.”

மச்சான் கண்ணாடியைக் கழற்றினார். துடைக்கப் போனவர், துடைக்காமலேயே திரும்ப மாட்டிக்கொண்டார். அதைப் பார்த்தபோதுதான் இரவலுக்கு விளங்கியது. மனிதர் தன் வீட்டில், தன் கிடங்கில், தன் கைக்கே பயப்பட ஆரம்பித்திருந்தார்.

“இங்க யாரு வந்தாலும் ஒண்ணைக் கொடுத்துட்டுத்தான் ஒண்ணை வாங்குவாங்க மாப்பிள்ள. நீங்க வாராவாரம் வந்து எடுத்துட்டே போனீங்க. நானும் சோறு சாப்பிட்டுக்கிட்டே எடுத்துக் கொடுத்திருக்கேன், தெரியாம. பதிலுக்கு நீங்க எதை வச்சீங்க?”

“நிறுத்திடறேன் மச்சான். அந்த வேஷமே வேண்டாம்.”

“நிறுத்தினா? பார்த்தவங்க பார்த்ததுதானே? நீங்க நிறுத்தினா நான் மட்டும்தான் மிச்சம். இனிமே மேற்பார்வைன்னா நான் ஒருத்தன்தான்.”

பின்னால் ஒரு மெக்கானிக் கையில் தேய்ந்த பாகத்தோடு வந்து நின்றார். மச்சான், “அடுத்தவங்களுக்கு வழி விடுங்க” என்றார். குரலில் கோபம்கூட இல்லை. அதுதான் இரவலை வீடுவரை துரத்தியது.

அன்று சாயங்காலம் மனைவியையும் மகளையும் உட்காரவைத்து ஒரு கேள்வி கேட்டார். “நான் என்னல்லாம் பண்ணுவேன்?”

“எதுக்கு?” என்றாள் மனைவி.

“சும்மா இருக்கும்போது. எனக்குன்னு ஏதாவது இருக்கா?”

அவர் எதிர்பார்த்தது கொஞ்ச நேர மௌனம். தனக்கென்று ஒன்றும் இல்லை, தன்னிடம் உள்ளதெல்லாம் ஊரார் சொத்து என்று அவர் அதுவரை நிஜமாகவே நினைத்துக்கொண்டிருந்தார். ஆனால் அம்மாவும் மகளும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். எத்தனையோ வருடங்களாக இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்த மாதிரி இருந்தது.

ஃபிரிட்ஜைத் தட்டிவிட்டுத்தான் திறப்பீர்கள் என்றாள் மகள். அவர் மறுத்தார். போய்த் திறங்கள் என்றாள். போனார், கை தானாக இரண்டு தட்டுத் தட்டியது. தொலைபேசியில் யாராவது தவறான எண்ணுக்கு அழைத்துவிட்டால்கூட எழுந்து நின்று பேசுவீர்கள் என்றாள் மனைவி. தண்ணீர் குடித்து முடித்ததும் தம்ளருக்குள் எட்டிப் பார்த்து, காலி என்று தெரிந்தும் இன்னொரு வாய் குடிப்பீர்கள். படம் எடுக்கும்போது கண் சிமிட்டிவிடக் கூடாது என்று கண்ணை முன்கூட்டியே மூடிவைத்துக்கொள்வீர்கள்; கல்யாணப் படத்தில்கூட மாப்பிள்ளை தூங்குகிறார். சாப்பிட்டீர்களா என்று கேட்டால் மனைவியைத் திரும்பிப் பார்ப்பீர்கள். சொல்லிக்கொண்டே போனார்கள். மகள் எழுந்து நடித்தும் காட்டினாள், நன்றாகவே நடித்தாள். பல வாரங்களுக்குப் பிறகு மனைவி சிரித்தாள். இரவலுக்குச் சிரிப்பு வரவில்லை. நடுத்தெருவில் துணி இல்லாமல் நிற்கிற மாதிரி இருந்தது.

“வார்த்தை வரலைன்னா நான் என்ன பண்ணுவேன்?” என்று கடைசியாகக் கேட்டார்.

மனைவி யோசிக்கவே இல்லை. “எதிர்ல இருக்கறவங்க செருப்பைப் பார்ப்பீங்க. எங்க வீட்டு வாசல்ல நின்னு பெண் கேட்டப்பவும் அண்ணன் செருப்பைத்தான் பார்த்தீங்க. தனக்குப் புதுச் செருப்பு வேணும்னு நீங்க சொல்றீங்களோன்னு அண்ணன் நினைச்சுட்டார்.”

இரண்டாவது பருவம் அப்படித்தான் ஆரம்பித்தது. முதல் பகுதியில் மேற்பார்வை உள்ளே வந்து கதவைச் சாத்தினார். இரண்டடி வைத்தார். எல்லோரும் காத்திருந்தார்கள். அவர் திரும்பிப் பார்க்கவில்லை. நேராகப் போய் அங்கிருந்த அலமாரியைத் தட்டிவிட்டுத் திறந்தார். ஒளிபரப்பான மறுநாள் நிலையத்துக்குத் தொலைபேசி அழைப்புகள் வந்தன. கதவு என்ன ஆயிற்று என்று கேட்டார்கள். நிலைய மேலாளருக்கு வியர்த்தது. இயக்குநர் இரவலிடம் காரணம் கேட்டாள். “பழசைக் கொடுத்துட்டுப் புதுசு எடுக்கறேன்மா” என்றார் அவர். அவளுக்கு அது விளங்கவில்லை. ஆனால் காட்சியைத் திரும்பப் போட்டுப் பார்த்துவிட்டு, “இது யாரோடது சார்?” என்று கேட்டாள். வழக்கம்போல ‘இரவல்’ என்று ஆரம்பிக்கப் போனவர் நிறுத்திக்கொண்டார். “என்னுது” என்றார்.

வாரத்துக்கு ஒன்றாக மாறியது. நாற்காலித் தட்டல் போய்த் தம்ளருக்குள் எட்டிப் பார்ப்பது வந்தது. தானே பதில் சொல்வது போய், தவறான எண்ணுக்கு எழுந்து நிற்பது வந்தது. ஜனங்கள் முதலில் முணுமுணுத்தார்கள், பிறகு பழகிக்கொண்டார்கள், பிறகு அலமாரிகளைத் தட்டிவிட்டுத் திறக்க ஆரம்பித்தார்கள். பொத்தானை மட்டும் கடைசிவரை தள்ளிப்போட்டார். அதற்கு ஈடாக வைக்க வேண்டியது எது என்று அவருக்குத் தெரியும். வைக்கத்தான் மனம் வரவில்லை.

அந்தக் காட்சி இது: ஒரு வங்கியின் வரவேற்பறையில், கண்ணாடித் தொட்டியில் இருந்த மீன் இறந்துவிடுகிறது. ஊழியர்கள் வேலையை நிறுத்திவிட்டு இரங்கல் கூட்டம் போடுகிறார்கள். அந்நேரம் மேற்பார்வை வருகிறார். இரண்டு வார்த்தை பேசச் சொல்கிறார்கள். இரவல் தொட்டியின் பக்கத்தில் நின்றார். கை மேலே போகவில்லை. கண் கீழே போனது. எதிரே நின்ற ஊழியர்களின் செருப்புகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார். பெண் கேட்கப் போன அன்று எப்படிப் பார்த்தாரோ அப்படி. ஒலிப்பதிவு செய்கிறவர் சட்டைக் கையைக் கடித்துக்கொண்டார். விளக்குப் பிடித்தவரால் விளக்கை ஆடாமல் பிடிக்க முடியவில்லை. ‘கட்’ சொன்ன பிறகும் சிரிப்பு ஓயவில்லை. இயக்குநர் ஓடிவந்து கையைப் பிடித்துக் குலுக்கினாள்.

அவர் நன்றி சொல்லிவிட்டுப் போய், ஒரு மூலையில் அடுக்கியிருந்த பழைய மெத்தைகளின் மேல் உட்கார்ந்தார். தன் வாழ்க்கையில் விளையாட்டில்லாமல் செய்த ஒரு காரியத்துக்கு ஆட்கள் விழுந்து விழுந்து சிரித்ததை அன்றுதான் முதல்முறை கேட்டார். கொட்டகையில் மச்சானுக்கு என்ன நடந்தது என்று அவருக்கு ஏற்கெனவே தெரியும். எப்படி இருந்திருக்கும் என்பது இப்போதுதான் தெரிந்தது. தனக்காவது அது வேலை.

அந்தப் பகுதி ஒளிபரப்பான பிறகு வந்த ஞாயிற்றுக்கிழமை மதியம் கதவு தட்டப்பட்டது. மச்சான் உள்ளே வந்தார். கதவைச் சாத்தினார். இரண்டடி வைத்தார். நின்றார். வீட்டில் மூன்று பேரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு எங்கெங்கோ பார்த்தார்கள். அவர் திரும்பிப் போய்க் கதவை இழுத்துப் பார்த்தார். மகள் சமையலறைக்கு ஓடினாள். “ஓடு ஓடு” என்றார் மச்சான். நாற்காலியைத் தட்டி உட்கார்ந்தார். மனைவி தட்டு வைத்தாள். அண்ணன் இல்லாத வாரங்களிலும் அந்தத் தட்டைக் கழுவித்தான் வைத்திருந்தாள்.

பாதிச் சாப்பாட்டில் அவராகவே ஆரம்பித்தார். “இப்பல்லாம் பசங்க என்னை மேற்பார்வைன்னு கூப்பிடறதில்ல.”

“அப்படியா மச்சான்?”

“மேற்பார்வையோட மச்சான்ங்கறாங்க.” கொஞ்சம் மென்றார். “தட்டிட்டுத் திறக்கறது நிஜமாவே நீங்கதானா மாப்பிள்ள? நான் இத்தனை வருஷமா வர்றேன், பார்த்ததே இல்லையே.”

“நீங்க வந்தா நான் உங்களைத்தான் பார்த்துக்கிட்டிருப்பேன் மச்சான். என்னை யாரு பார்த்தா?”

மச்சான் எழுந்து போனார். கை கழுவிக்கொண்டு வந்து, தலைமை மெக்கானிக்கின் படத்தைக் கொட்டகையில் மாட்டப்போகிறார்கள் என்றார். தன்னைத்தான் மறுபடியும் பேசச் சொல்லியிருக்கிறார்கள். வேண்டாம் என்று சொல்லிவிடலாம் என்று நினைத்தாராம். “ஆனா போன தடவை அவனுக்கு யாருமே பேசல. நான் உட்கார்ந்ததும் கலைஞ்சு போயிட்டாங்க. நீங்க வாங்க. முன்வரிசையில உட்காருங்க.”

கொட்டகையில் இஞ்சின் எண்ணெய் வாசனை. மடக்கு நாற்காலிகள் நிரம்பி, பின்னால் பேருந்துப் படிகளிலும் ஆட்கள் உட்கார்ந்திருந்தார்கள். படத்தை மாட்டினார்கள். மச்சானை அழைத்தார்கள். எழுந்து போய் நின்றார். வாயைத் திறந்தார். வார்த்தை வரவில்லை. கை மெல்ல மேல் பொத்தானுக்குப் போனது.

பின்வரிசையில் ஏதோ அசைந்தது. ஆனால் பல தலைகள் மச்சானைப் பார்க்காமல் முன்வரிசைப் பக்கம் திரும்பின. அங்கே இரவல், என்ன செய்வதென்று தெரியாமல், மச்சானின் செருப்பையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நடிக்கவில்லை, வேறு எங்கே பார்ப்பது என்று அவருக்கு நிஜமாகவே தெரியவில்லை. களுக்கென்று ஒரு சிரிப்பு வந்தது. அதைத் தொடர்ந்து இன்னொன்று. இரண்டும் அவருக்காக வந்தவை. காது சூடானது. பரவாயில்லை என்று தலையை இன்னும் கொஞ்சம் குனிந்துகொண்டார். எதிரே அந்தச் செருப்பில் குதிகால் ஒரு பக்கமாகத் தேய்ந்திருந்தது.

அதற்குள் மச்சானுக்கு வார்த்தை கிடைத்துவிட்டது.

“இவன் ஒரு நாள்கூடப் பழசைத் துடைச்சுக் கொண்டுவந்தது கிடையாது” என்றார் படத்தைக் காட்டி. “என் பலகையைப் பாருங்க. அதுல இருக்கிற கறை எல்லாம் இவனுதுதான்.”

கொட்டகை முழுக்கச் சிரித்தது. மெக்கானிக்கின் மனைவியும் சிரித்து, முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். மச்சான் பொத்தானை விடாமலே நெடுநேரம் பேசினார். எப்போது செருப்பிலிருந்து கண்ணை எடுத்தோம் என்று இரவலுக்கே நினைவில்லை.

எல்லோரும் போன பிறகு மச்சான் கொட்டகைக் கதவைப் பூட்டினார். இரண்டடி வைத்தார். திரும்பிப் போய் இழுத்துப் பார்த்தார்.

“நீங்களும் ஒரு தடவை பாருங்க மாப்பிள்ள” என்றார்.

இரவல் இழுத்துப் பார்த்தார். “பூட்டியிருக்கு மச்சான்.”

இருவரும் பேருந்துக்கு நடந்தார்கள்.